போலார் எச்10 நெஞ்சுப் பட்டை: பாறை ஏறுபவருக்கு எவ்வளவு உதவும்?

பாறையில் கை ஓய்ந்துபோவதற்குப் பல நேரம் பலக்குறைவு காரணமில்லை, பதற்றம்தான். கடைசியாகக் கயிறு மாட்டிய போல்ட் (பாறையில் பதித்த இரும்புப் பிடிப்பு) காலுக்குக் கீழே போனதும் பிடியைத் தேவைக்கு மேல் இறுக்குகிறோம். முன்கை கல்லாகிவிடும், முழங்காலுக்குப் பக்கத்தில் இருக்கும் கால்பிடிகூடக் கண்ணில் படாது. இந்தப் பதற்றத்தை இதயத்துடிப்பின் எண்ணாகப் பார்க்க, மணிக்கட்டு வாட்ச்சைவிட நெஞ்சில் கட்டும் எச்10 எவ்வளவோ மேல். வாட்ச் ஒளியை வைத்துத் துடிப்பை எண்ணுகிறது; பிடியை இறுக்கும்போது மணிக்கட்டுத் தசைநார்கள் அசைந்து கணக்கு குழம்பிவிடும். பட்டை இதயத்தின் மின்துடிப்பையே எடுக்கிறது.

பட்டையின் உட்புறமுள்ள மின்முனைகளைத் தண்ணீரில் நனைத்து, நெஞ்சுத் தசைக்குக் கீழே இறுக்கமாகக் கட்டுங்கள். காய்ந்த பட்டையும் உரசும் சிந்தடிக் சட்டையும் சேர்ந்தால் முதல் சில நிமிடங்களுக்குத் துடிப்பு திடீரென எகிறிக் காட்டும். அதை நம்ப வேண்டாம். இடுப்பு ஹார்னஸ் இடைஞ்சல் செய்யாது.

பட்டையில் மாட்டும் சென்சாரிலேயே ஒரு பயிற்சியின் துடிப்புப் பதிவைச் சேமிக்கலாம் என்பதுதான் எனக்கு மிகவும் பிடித்த வசதி. ஆப்பில் தொடங்கிவிட்டு போனைப் பையில் போட்டுவிடலாம். பிலே செய்பவர் (கீழே நின்று ஏறுபவரின் கயிற்றைப் பிடிப்பவர்) கையில் போன் இருக்கவே கூடாது.

ஒரே வழியை டாப் ரோப்பில் (கயிறு மேலிருந்தே தாங்கும்) ஒருமுறை, நன்றாக ஓய்வெடுத்தபின் லீடில் (கயிற்றை நாமே போல்ட் போல்ட்டாக மாட்டிக்கொண்டு போவது) ஒருமுறை ஏறுங்கள். பாறையும் பெரும்பாலான அசைவுகளும் அதேதான் என்பதால், லீடில் கூடும் துடிப்பில் ஒரு பங்கு மனதுடையதாக இருக்கலாம். களைப்பும் கலந்திருக்கும், அதனால் இன்னொரு நாள் வரிசையை மாற்றிப் பாருங்கள். ஓட்டக்காரர்களுக்கான துடிப்பு மண்டலங்களை (பயிற்சியின் கடினத்தைத் துடிப்பை வைத்துப் பிரிக்கும் அளவுகள்) மட்டும் இங்கே பொருத்தாதீர்கள். கையைத் தலைக்கு மேல் தூக்கி இறுக்கிப் பிடிப்பதே துடிப்பை ஏற்றும்.

கட்டாந்தரையில் நிற்கும்போதே துடிப்பு வழக்கத்தைவிட மிக அதிகமா? 4 விநாடி உள்ளே, 6 விநாடி வெளியே என இரண்டு மூன்று நிமிடம் மூச்சுவிட்டு, துடிப்பு இறங்கியபின் கயிறு கட்டுங்கள். குளிர்ந்த காலையில் மந்தமாக இருந்தால் எதிர்வைத்தியம்: வேகநடை, சில குதிப்புகள். சுண்டெலிகளை வைத்து உளவியலாளர்கள் யெர்க்ஸும் டாட்சனும் 1908இல் கண்டது இங்கும் பொருந்துகிறது: வேலை நுணுக்கமாக ஆக, குறைந்த மனக்கிளர்ச்சியே போதும். மெல்லிய விளிம்புகளில் கால் வைக்கும் சரிவுப் பாறைக்கு அமைதி வேண்டும். எட்டித் தாவும் அசைவுக்குக் கொஞ்சம் சூடு நல்லது.

ஏறி முடித்ததும் சென்சாரைக் கழற்றி, பட்டையைத் தண்ணீரில் அலசுங்கள். ஈரப்பட்டையில் மாட்டியே வைத்தால் சிஆர்2025 பேட்டரி வீணாகும், வியர்வை உப்பு சென்சார் மாட்டும் பொத்தான்களை அரிக்கும். டாப் ரோப்பில் மட்டுமே ஏறுபவர்கள் இதை வாங்க வேண்டியதில்லை.