டெருமோ வழுக்குக் கம்பி, 0.035 அங்குலம்: கால் நாடி வேலைக்கு எப்படி?

நீரிழிவால் கால் நாடி அடைபட்டவர்களுக்கு யாழ்ப்பாணத்தில் வேலை செய்வோர் அடைப்பைக் கடக்க முதலில் கையிலெடுக்கத் தகுந்த வழிகாட்டிக் கம்பி (நாடிக்குள் முன்னே விட்டு, குழாய்களை அதன்மேல் ஏற்றும் மெல்லிய கம்பி) இது. உள்ளே நிற்றினோல் என்ற நிக்கல்-டைட்டேனியக் கலப்புலோகம்; வளைத்துவிட்டாலும் நேராகும். மேலே தங்குதன் கலந்த பொலியூரித்தேன் உறை, எக்ஸ்ரேயில் வடிவாகத் தெரியும். அதற்கும் மேல் நீரை இழுக்கும் பூச்சு.

அந்தப் பூச்சுத்தான் இதன் உயிர். ஹெப்பாரின் சேலைனில் (இரத்தம் உறையாமல் தடுக்கும் மருந்து கலந்த உப்புநீரில்) நனைத்தால் விலாங்குபோல வழுகும். காய்ந்தால் கதீற்றர் என்ற மெல்லிய குழாய்க்குள் ஒட்டிக்கொள்ளும். ஒவ்வொரு முறையும் ஈரத்துணியால் துடையுங்கள். உலர்ந்த துணியும் அற்ககோலும் பூச்சைக் கெடுக்கும்.

உலோக ஊசிக்கூடாக இதை ஒருபோதும் பின்னே இழுக்காதீர்கள். ஊசி விளிம்பு உறையைச் சீவிவிடும், சீவல் இரத்தத்தோடு போய்விடும். ஊசிக்கூடாக விடச் சாதாரண உருக்குக் கம்பி; நாடிக்குள் நுழைவழியாக உறைக்குழாய் (ஷீத்) வைத்தபின் இது.

இன்னொரு குறை: தடை கையில் சரியாகத் தெரியாது. நுனி நாடிச் சுவருக்குள் நுழைந்தாலும், சிறு கிளையைத் துளைத்தாலும் வழுக்கிக்கொண்டே போகும். நுனியைத் திரையில் விடாமல் பாருங்கள். கம்பியை முறுக்கித் திருப்ப, அதன்மேல் பூட்டும் திருகுபிடி கட்டாயம்.

அடைப்பைக் கடக்க அருமையான கம்பி. ஆனால் வளைவான இடுப்பு நாடியில் ஸ்டென்ட் (நாடியை விரித்து வைக்கும் வலைக்குழாய்) ஏற்றும்போது போதிய தாங்குதல் தராது. விறைப்பான கம்பிக்கு மாற்றுங்கள். நீளத்தையும் பாருங்கள்: 150 சென்ரிமீற்றர் கம்பி எல்லாவற்றுக்கும் போதாது. நீண்ட கதீற்றரை மாற்ற 260 வேண்டும்.