ஜோசப் குவோ: வாள் படமா, சதுரங்கப் படமா?

தைவான் இயக்குநர் ஜோசப் குவோவின் படங்களை எதிலிருந்து தொடங்குவது என்று தயங்குவோர், அவருடைய இரு காலங்களைச் சேர்ந்த இரண்டை எதிரெதிரே வைத்துப் பார்க்கலாம்.

கதை: 1968இல் வந்த 'தி ஸ்வார்ட்ஸ்மேன் ஆஃப் ஆல் ஸ்வார்ட்ஸ்மென்', பெற்றோரைக் கொன்றவர்களைத் தேடிச் செல்லும் வாள்வீரன் பழிவாங்குதலையே ஐயுறும் நிலைக்கு வருவதைக் காட்டுகிறது. 1979இல் வந்த 'தி மிஸ்டரி ஆஃப் செஸ் பாக்ஸிங்' படத்தில் பழி வெறும் சாக்குதான்.

சண்டை: முன்னதில் வாளும் நிதானமும். பின்னதில், சீனச் சதுரங்க ஆசானிடம் இளைஞன் பெறும் நீண்ட பயிற்சியும், மார்க் லாங் நடித்த 'கோஸ்ட் ஃபேஸ் கில்லர்' என்ற வில்லனும்தான் படத்தைத் தாங்குகின்றன (அமெரிக்க ராப் கலைஞர் கோஸ்ட்ஃபேஸ் கில்லாவின் பெயர் இங்கிருந்து வந்ததே).

உணர்ச்சி நாடகத்தை விரும்புவோர்க்கு முதலாவது பொருந்தும். சண்டைக்காகவே அமர்வோர்க்கு, நகைச்சுவை சற்று மலிவாக இருப்பினும், இரண்டாவது.