ஸ்பினோசாட்: மாடித் தோட்டத்துக்கு வாங்கலாமா?

மிளகாய்க் கன்றின் குருத்திலை மேல்நோக்கிப் படகுபோல மடிந்திருந்தால் ஸ்பினோசாட் என்ற பூச்சிமருந்தை வாங்குங்கள். அதே இலை கவிழ்த்துவைத்த படகுபோலக் கீழ்நோக்கிச் சுருண்டிருந்தால் வாங்காதீர்கள். காசுதான் போகும், சுருட்டல் போகாது. மேலே மடிவது பெரும்பாலும் திரிப்ஸ் எனப்படும் இலைப்பேனின் வேலை. கீழே சுருண்டு, காம்பும் வழக்கத்தைவிட நீண்டு நின்றால் அது சிற்றுண்ணி. கொழும்பில் விதைக்கடைக்குப் போய் "மிளகாய் சுருளுது, மருந்து தாங்க" என்று மட்டும் சொன்னால் இரண்டுக்கும் ஒரே போத்தலைத் தருகிறார்கள். இந்த மருந்துக்குக் கெட்ட பெயர் வருவதில் பாதி அங்கேயே தொடங்குகிறது.

சந்தேகம் இருந்தால் ஒரு வெள்ளைத் தாள் போதும். குருத்தையோ பூவையோ தாளுக்கு மேலே பிடித்து விரலால் நாலு தட்டுத் தட்டுங்கள். ஒரு மில்லிமீட்டர் நீளத்தில், தேங்காய்த் தும்பின் நுனிபோல மெல்லிய மஞ்சள் கீற்றுகள் ஓடினால் அவை இலைப்பேன்கள். சிற்றுண்ணி வெறுங்கண்ணுக்குத் தட்டுப்படாது. அதற்கு உருப்பெருக்கி வேண்டும், இல்லாவிட்டால் இலையின் வடிவத்தை நம்ப வேண்டியதுதான்.

இனி மருந்தைப் பற்றி. மண்ணில் வாழும் சக்கரோபொலிஸ்போரா ஸ்பினோசா என்ற பக்டீரியாவை நொதிக்கவைத்து எடுக்கும் பொருள் இது. 1982 இல் கரிபியன் தீவொன்றில், கைவிடப்பட்ட ரம் வடிசாலையின் மண்ணில் அந்த பக்டீரியா கிடைத்தது. அதன் வித்துகள் முள் முள்ளாக இருப்பதால் ஸ்பினோசா. அது சுரக்கும் நஞ்சுகளில் முக்கியமானவை ஸ்பினோசின் ஏ, ஸ்பினோசின் டி என்ற இரண்டு. அந்த ஏயும் டியும் சேர்ந்துதான் பெயரின் கடைசியில் 'ஆட்' என்று நிற்கின்றன. அமெரிக்காவில் 1997 இல் விற்பனைக்குப் பதிவாகி, 1999 இல் பசுமை வேதியியலுக்கான அந்நாட்டு ஜனாதிபதி விருதைப் பெற்றது. சக்செஸ், ட்ரேசர் என்று நாட்டுக்கு நாடு வியாபாரப் பெயர் மாறும். போத்தலில் தேட வேண்டியது அந்தப் பெயரை அல்ல, 'செயற்படும் மூலப்பொருள்' என்ற வரியை.

பூச்சியின் நரம்பில் செய்தியைப் பெறும் இடமான நிக்கொட்டினிக் வாங்கியைப் பிடித்து, நிற்காமல் உதறவைத்துக் கொல்கிறது. மேலே படுவதைவிட வயிற்றுக்குள் போனால் வேகம் அதிகம். புழு சில நிமிடங்களில் தின்பதை நிறுத்திவிடும், ஆனால் உயிர்போக ஒன்றிரண்டு நாள் எடுக்கும். மறுநாள் காலையில் புழு இலையில் இருக்கிறதே என்று திரும்ப அடிப்பவர்கள் அதன் அருகே புதிய ஓட்டை விழுந்திருக்கிறதா, புதிய எச்சம் கிடக்கிறதா என்று பார்க்கட்டும். இரண்டும் இல்லையென்றால் வேலை முடிந்துவிட்டது.

எதற்கு நல்லது? இலைப்பேனுக்கு மிக நல்லது. கோவா, பூக்கோவா இலையைச் சல்லடையாக்கும் வைரமுதுகுப் புழுவுக்கும், தக்காளிக் காயைத் துளைக்கும் புழு உள்ளே நுழையும் முன்பும் நன்றாகக் கேட்கும். தேசி இலையிலும் தக்காளி இலையிலும் வெள்ளைக் கோடு கீறிக்கொண்டு போகும் புழுவுக்கும் உதவும், ஏனென்றால் மருந்து இலையின் மேற்தோலைத் தாண்டிக் கொஞ்சம் உள்ளே இறங்கும். கொஞ்சம்தான். வேரால் ஏறிச் செடி முழுக்கப் பரவும் மருந்து அல்ல இது, ஆகவே சாடியில் ஊற்றிப் பயனில்லை.

கொழும்புப் பல்கனிகளில் அதிகம் காண்பது என்ன? செவ்வரத்தையில் பஞ்சு பஞ்சாக மாவுப்பூச்சி, கத்தரி இலையின் அடியில் வெண் ஈ, பயற்றங்கொடியின் நுனியில் அழுக்கணவன். இந்த மூன்றுக்கும் ஸ்பினோசாட் கேட்காது. சாறு உறிஞ்சும் இந்த வகைகளுக்குச் சவர்க்காரத் தண்ணீரும் வேப்பெண்ணெயும் இதைவிட மேல். கத்தரியின் தண்டு, காய்த் துளைப்பானில் இன்னொரு சிக்கல். புழு தண்டுக்குள் இருக்கும்வரை மருந்து அதைத் தொடாது. வாடித் தொங்கும் நுனியை இரண்டு அங்குலம் கீழே வெட்டி, பொலித்தீன் பையில் கட்டி எறிவதுதான் முதல் வேலை. கறிவேப்பிலையிலும் தேசியிலும் பறவை எச்சம்போல ஒட்டியிருக்கும் வண்ணத்துப்பூச்சிப் புழுவுக்கு மருந்தே வேண்டாம், கையால் எடுத்துவிடலாம். பாவற்காய்க்குள் புழு வைக்கும் பழ ஈக்கு இதே ஸ்பினோசாட்டை இனிப்பு இரையோடு கலந்து விற்கும் தனித் தயாரிப்பு உண்டு. காய்மேல் சும்மா விசிறுவது அதற்கு ஈடாகாது.

அளவில்தான் அதிகம் பிழை நடக்கிறது. ஒரு லீட்டரில் 25 கிராம் ஸ்பினோசாட் உள்ள தயாரிப்பும் உண்டு, 480 கிராம் உள்ளதும் உண்டு. பத்தொன்பது மடங்கு வித்தியாசம். இந்திய யூடியூப் காணொளியில் "லீட்டருக்கு 0.3 மில்லி" என்று கேட்டுவிட்டு 25 கிராம் போத்தலிலிருந்து 0.3 எடுத்தால் அது கிட்டத்தட்ட வெறும் தண்ணீர். 25 கிராம் தயாரிப்புக்கான அளவை 480 இலிருந்து எடுத்தால் காய் சாப்பிட லாயக்கில்லை. சென்னை போய்வருபவர் பெட்டியில் கொண்டுவரும் சின்னப் போத்தல் பெரும்பாலும் அந்தக் கடும் வகைதான். இங்கே 1980 ஆம் ஆண்டின் 33 ஆம் இலக்கச் சட்டப்படி பதிவில்லாத பீடைகொல்லியைக் கொண்டுவருவதும் குற்றம்.

உள்ளூர் லேபலில் அளவு பெரும்பாலும் 10 லீட்டர் தாங்கிக்குக் கொடுக்கப்பட்டிருக்கும். ஒரு லீட்டர் கைவிசிறிக்குப் பத்தால் பிரியுங்கள். 10 லீட்டருக்கு 12 மில்லிலீட்டர் என்றிருந்தால் உங்களுக்கு 1.2. இதைத் தேக்கரண்டியால் அளக்க முடியாது. ஒரு தேக்கரண்டி 5 மில்லிலீட்டர், அதாவது நாலு மடங்கு. பாமசியில் ஊசியில்லாத 1 மில்லிலீட்டர் சிரிஞ்ச் ஒன்று வாங்கி, அதன்மேல் அழியாத மையால் 'நஞ்சு' என்று எழுதி, மருந்துப் போத்தலோடேயே பூட்டி வையுங்கள்.

கலக்கும் முறைக்கும் வரிசை உண்டு. இது பாலாடை நிறத்தில் தடித்த திரவம், நின்றால் அடியில் படியும். முதலில் மூடியபடியே அரை நிமிடமாவது குலுக்குங்கள். குலுக்காமல் மேலே இருப்பதை எடுத்தவர் முதல் மாதம் "மருந்து கேட்கவில்லை" என்பார், அடியில் மிஞ்சியதை எடுக்கும் மாதம் இலை கருகுகிறது என்பார். அளந்ததை அரைக் கோப்பைத் தண்ணீரில் கரைத்து, பாதி நிரம்பிய விசிறியில் ஊற்றி, பிறகு மீதித் தண்ணீரை விடுங்கள். தேசிக்காய் பிழிந்து புளிப்பாக்கினால் வேகம் கூடும் என்ற கைவைத்தியம் வேண்டாம், அமிலத் தண்ணீரில் இதன் வேகம் குறையவே செய்யும். குழாய்த் தண்ணீர் போதும். கோவா, வெங்காயம் போன்ற மெழுகு இலைகளில் துளி உருண்டு விழும். அவற்றுக்கு மட்டும் விவசாயக் கடையில் கிடைக்கும் ஒட்டும் திரவத்தை அதன் லேபல் சொல்லும் அளவில் சேருங்கள். பாத்திரம் கழுவும் திரவத்தைத் தாராளமாக விட்டால் மறுநாள் வெயிலில் இலை விளிம்பு எரியும், பழி மருந்தின்மேல் விழும். களைகொல்லி அடித்த விசிறியை இதற்கு எடுக்கவே வேண்டாம். அதில் மிஞ்சிய சொட்டே மிளகாய்க் குருத்தைக் கோணலாக்கும், பார்ப்பதற்கு இலைப்பேன் மாதிரியே இருக்கும்.

நேரம் தேர்ந்தெடுப்பது கொழும்பில் லேசான காரியம் அல்ல. வெயில் இந்த மருந்தைச் சிதைக்கும், ஈரமாக இருக்கும்போது தேனீயைக் கொல்லும். இரண்டுக்கும் மாலை நல்லது என்றுதான் எல்லாரும் சொல்வார்கள். ஆனால் மார்ச், ஏப்ரலிலும் ஒக்டோபர், நவம்பரிலும் பின்னேரம் இடியோடு மழை கொட்டும், காயாத மருந்து கழுவிக்கொண்டு போகும். அந்த மாதங்களில் மழை விட்டு இலை உலர்ந்த பிறகு இருட்டும் நேரத்தில் அடியுங்கள். வானம் அதற்கு இடம் கொடுக்காவிட்டால் விடியற்காலையில், தேனீ பூவுக்கு வரும் முன்பு அடியுங்கள். பூத்திருக்கும் பாவற்கொடியிலும் பூசணியிலும் விடியலில் அடிப்பதைத் தவிருங்கள், காய்ந்து முடியச் சில மணி நேரம் எடுக்கலாம். காய்ந்த பின் தேனீக்கு ஆபத்து வெகுவாகக் குறைகிறது. வெள்ளவத்தை, பம்பலப்பிட்டி அடுக்குமாடிகளில் காற்றையும் பார்க்க வேண்டும். கடற்காற்று வீசும்போது ஏழாம் மாடியில் அடித்தால் ஆறாம் மாடியில் காயும் உடுப்புக்கும் சேர்த்துத்தான் அடிக்கிறீர்கள்.

விசிறியின் முனையைக் கீழிருந்து மேலாகப் பிடியுங்கள். இலைப்பேன் இருப்பது மடிந்த குருத்துக்குள்ளும் பூவுக்குள்ளும். மேல் இலை பளபளக்க நனைப்பதால் ஆவது ஒன்றும் இல்லை. ஒரு தடவையோடு முடியாது. முட்டை இலைத் திசுவுக்குள்ளும் கூட்டுப்பருவம் சாடி மண்ணிலும் தப்பிவிடும், ஐந்தாறு நாளில் அடுத்த தலைமுறை மேலே வந்துவிடும். சாடியின் மேலே கிடக்கும் உதிர்ந்த இலைகளை அள்ளிவிட்டு, லேபல் சொல்லும் இடைவெளியில் இரண்டாம் தடவை அடியுங்கள். ஏற்கெனவே மடிந்த இலை மறுபடி விரியாது. வெற்றி தோல்வியைப் புதுக் குருத்தில் பாருங்கள்.

மூன்றாம் தடவை இதையே எடுக்காதீர்கள். ஹவாயித் தீவுகளில் 1998 இல் இறங்கிய மருந்துக்கு வைரமுதுகுப் புழு இரண்டரை ஆண்டுக்குள், 2000 இலேயே சாகாமல் தாக்குப்பிடித்தது. வாரா வாரம் அதையே அடித்ததன் பலன். போத்தலில் '5' என்ற பிரிவு எண் இருக்கும், மருந்து பூச்சியைக் கொல்லும் விதத்தைக் காட்டும் எண் அது. ஸ்பினெட்டோரம் என்று வரும் புதியதும் அதே 5 தான், மாற்றி அடித்ததாகக் கணக்கில் வராது. புழுவுக்கு என்றால் பீ.ட்டீ. எனப்படும் பசிலஸ் துரிஞ்சியென்சிஸ் பக்கம் போகலாம். அதுவும் மண் பக்டீரியாதான், ஆனால் இலைப்பேனுக்கு உதவாது. அதிலேயே இஸ்ரேலென்சிஸ் என்ற வகை நுளம்புக் குடம்பிக்கானது, அதைக் கோவாவுக்கு அடித்துப் புழு சாகவில்லை என்று வருந்துபவர்களும் உண்டு. கீழ்நோக்கிச் சுருண்ட மிளகாய்க்கு எடுக்கும் அபமெக்டினும் மண் பக்டீரியாவின் பிள்ளையே. ஜப்பானில் சதோஷி ஓமுரா பிரித்தெடுத்த பக்டீரியாவிலிருந்து வந்தது, அதே வழியில் வந்த ஐவர்மெக்டின் என்ற ஒட்டுண்ணி மருந்துக்காக 2015 இல் நோபல் பரிசு கிடைத்தது. ஆனால் சுத்த அபமெக்டின் வாயால் உட்கொண்டால் மிகக் கொடிய நஞ்சு, ஸ்பினோசாட்டோ பாலூட்டிகளுக்கு நஞ்சு குறைந்தது. 'மண்ணிலிருந்து வந்தது, இயற்கை' என்று கடைக்காரர் சொல்வது இரண்டுக்கும் பொருந்தும், பாதுகாப்பு இரண்டுக்கும் ஒன்றல்ல.

நஞ்சு குறைவென்றாலும் கையுறை, கண்ணாடி, முகக்கவசம் வேண்டும். அறுவடைக்கு எத்தனை நாள் காத்திருக்க வேண்டும் என்பது பயிருக்குப் பயிர் மாறும், லேபலில் உள்ள எண்ணைத்தான் நம்ப வேண்டும். தற்செயலாக யாராவது குடித்துவிட்டால் போத்தலையும் எடுத்துக்கொண்டு உடனே ஆஸ்பத்திரிக்குப் போங்கள். தேசிய நச்சுத் தகவல் நிலையமும் கொழும்பு தேசிய வைத்தியசாலையில்தான் இருக்கிறது.

விலை குறைவென்று சொல்ல முடியாது. ஆனால் உண்மையான குறை விலையல்ல, போத்தலின் அளவு. லீட்டருக்கு 1.2 மில்லிலீட்டர் என்ற கணக்கில் 100 மில்லிலீட்டர் போத்தல் 80 லீட்டருக்கு மேல் வரும். பதினைந்து சாடி உள்ள பல்கனிக்கு ஒரு தடவைக்கு ஒரு லீட்டர் போதும். ஆண்டுக்கு ஆறு தடவை அடித்தாலும் காலாவதித் திகதிக்குள் கால்வாசி கூட முடியாது. இதனால்தான் சில கடைகளில் பனடோல் சிரப் போத்தலிலோ சோடாப் போத்தலிலோ பிரித்து ஊற்றித் தருகிறார்கள். வாங்காதீர்கள். உள்ளே என்ன, எத்தனை சதவீதம், எப்போது காலாவதி என்று ஒன்றும் தெரியாது, பிள்ளைகள் இருக்கும் வீட்டில் அது நேராகவே ஆபத்து. மூன்று மொழி லேபலும் பதிவிலக்கமும் உடையாத மூடியும் உள்ள போத்தலை ஒரே மாடியில் மூன்று நாலு வீட்டார் சேர்ந்து வாங்கி, ஒரு வீட்டில் பூட்டி வைத்து, அடிக்கும் நாளில் அங்கேயே அளந்து கலப்பதுதான் கட்டுப்படியான வழி. திரவத்தைப் பிரிக்காதீர்கள், செலவைப் பிரியுங்கள்.

கலந்தது மிஞ்சினால் அதே செடிகளில் அடித்து முடியுங்கள், நாளைக்கென்று வைக்க வேண்டாம். கழுவுதொட்டியிலோ மழைநீர்க் கானிலோ ஊற்றினால் அது கால்வாய்க்குப் போய் நீரில் வாழும் சிற்றுயிர்களைக் கொல்லும். மீன்தொட்டி இருக்கும் பல்கனியில் அடிக்கும்முன் தொட்டியை மூடி, காற்றுப் பம்பையும் நிறுத்துங்கள், அது வெளிக்காற்றைத்தான் உள்ளே இழுக்கிறது. வெறும் போத்தலை மூன்று தடவை அலசி, அலசிய தண்ணீரையும் விசிறியிலேயே ஊற்றி, அடியில் ஆணியால் துளை போட்டு எறியுங்கள். துளை இல்லாவிட்டால் அடுத்த வாரமே யாராவது அதில் மண்ணெண்ணெய் வாங்கி வந்துவிடுவார்கள்.