சிக்பேட்டைக் கொடிக்கடை: வானவில் சரி, அம்புமுனைதான் கோணல்

பால்புதுமையினரின் பெங்களூர் பிரைடு ஊர்வலத்துக்குக் கொடி அடிக்க இந்தக் கடை பரவாயில்லை. ஆறு பட்டை வானவில் கச்சிதம். வானவில்லோடு அம்புமுனையும் சேர்த்து 2018-இல் டேனியல் குவாசர் வடிவமைத்த முன்னேற்றக் கொடியில்தான் (Progress Pride) சொதப்பல். வெள்ளை, இளஞ்சிவப்பு, வெளிர்நீலம், பழுப்பு, கறுப்பு அம்புமுனை கம்புப் பக்கமிருந்து புறப்பட வேண்டும். இவர்கள் கம்பு நுழைக்கும் உறையை எதிர்ப்பக்கம் தைத்துவிடுகிறார்கள். திருநர் நிறங்களான வெள்ளை, இளஞ்சிவப்பு, வெளிர்நீலம் கொடியின் வாலுக்குப் போய்விடுகின்றன. (ஊர்வலத்துக்கு வெளியேயும் பல நேரம் அதே கதைதான்.) ஆர்டரிலேயே ‘உறை அம்பின் அடிப்பக்கம்’ என்று படம் போட்டுக் கொடுங்கள்.

மோனிகா ஹெல்ம்ஸ் 1999-இல் உருவாக்கிய ஐந்து பட்டைத் திருநர் கொடியில் இந்த வம்பில்லை. தலைகீழாகப் பிடித்தாலும் அதே வரிசை. ஆனால் மெல்லிய பாலியஸ்டரில் இளஞ்சிவப்பு வெளிறி, நடுவிலுள்ள வெள்ளையோடு கலந்துவிடும். ஒரு சாண் மாதிரித்துணி வாங்கி வெயிலில் பிடித்துப் பார்த்துவிட்டு முன்பணம் கொடுங்கள்.