சுஷ்மிதாவா, பிரியங்காவா: சினிமாவிலிருந்து தொடருக்குப் போன இரண்டு வழிகள்

அழகிப் பட்டம், மாடலிங், சினிமா, அப்புறம் தொடர். சுஷ்மிதா சென்னும் பிரியங்கா சோப்ராவும் நடந்தது இதே பாதைதான். ஆனால் தொடருக்குள் நுழைந்த நேரம் வேறு, நுழைந்த வாசலும் வேறு. என் கணக்கில் எல்லா வித்தியாசமும் அங்கேதான் இருக்கிறது.

1994இல் மணிலாவில் மிஸ் யுனிவர்ஸ் பட்டம் வென்ற முதல் இந்தியர் சுஷ்மிதா. 2000இல் லண்டனில் மிஸ் வேர்ல்ட் ஆனவர் பிரியங்கா. இருவரையும் தமிழ் சினிமா சீக்கிரமே பிடித்துக்கொண்டது. சுஷ்மிதாவுக்கு 'ரட்சகன்' (1997) இரண்டாவது படம். பிரியங்காவுக்கு 'தமிழன்' (2002) முதல் படமே. அதில் 'உள்ளத்தைக் கிள்ளாதே' என்று விஜய்யோடு சேர்ந்து பாடவும் செய்தார்.

சினிமாவை மட்டும் எடுத்துக்கொண்டால் பிரியங்கா வெகுதூரம் முன்னால் நிற்கிறார். 'ஃபேஷன்' (2008) படத்தில் ஒரு மாடலாகவே நடித்து தேசிய விருது வாங்கினார். 'பர்ஃபி', 'மேரி கோம்' என்று கனமான வேடங்கள் அடுத்தடுத்து வந்தன. சுஷ்மிதாவுக்கு அப்படி அமையவில்லை. 'மே ஹூன் நா'வில் சேலை பறக்க வகுப்புக்கு வரும் வேதியியல் ஆசிரியையை யாரும் மறக்க மாட்டார்கள். ஆனால் அந்த வேடத்துக்கு அழகாக இருப்பதைத் தாண்டிப் பெரிய வேலை இல்லை. 2010க்குப் பிறகு இந்திப் படங்களில் அவரைக் காணவே முடியவில்லை.

பிரியங்கா தொடருக்குப் போனது கையில் பெரிய படங்கள் இருந்தபோதே. 2015இல் ஏபிசி தொலைக்காட்சியில் 'குவாண்டிகோ'. அமெரிக்காவின் பெரிய சேனல் ஒன்றில் ஒரு தெற்காசியப் பெண் கதாநாயகியாக நாடகத் தொடரைத் தாங்கியது அதுவே முதல் முறை. இதைச் சாதாரணமாக எடுத்துக்கொள்ள முடியாது. ஆனால் அந்தச் சேனல் தொடரின் வேலைமுறை ஆளை விழுங்கிவிடும். முதல் சீசனுக்கு 22 பகுதி, அடுத்ததற்கு இன்னொரு 22. ஒரு பக்கம் ஒளிபரப்பு, மறு பக்கம் எழுத்தும் படப்பிடிப்பும். கதை இழுத்துக்கொண்டே போகும், பாத்திரம் வளராது. 57 பகுதிகளோடு 2018இல் தொடர் முடிந்தது. அதே ஆண்டு, இந்தியர்கள் சிலரைக் குண்டு வைக்கத் திட்டமிடுபவர்களாகக் காட்டிய ஒரு பகுதிக்கு இங்கே கடும் எதிர்ப்பு. எழுதியது அவர் இல்லை, ஆனாலும் வசவு முழுக்க அவருக்கு. சேனலோடு சேர்ந்து அவரும் மன்னிப்புக் கேட்டார்.

சுஷ்மிதா தொடருக்கு வந்தது 2020இல், 44 வயதில், கையில் எதுவும் இல்லாத நேரத்தில். ராம் மாத்வானியின் 'ஆர்யா', ஹாட்ஸ்டாரில். டச்சுத் தொடர் ஒன்றைத் தழுவிய கதை: கணவன் சுடப்பட்டுச் சாக, குடும்பத்தின் போதை மருந்துத் தொழிலுக்குள் மூன்று பிள்ளைகளின் தாய் இழுக்கப்படுகிறாள். முதல் சீசன் மொத்தம் 9 பகுதிதான், எல்லாம் ஒரே நாளில் வெளியானது. மாத்வானி அடிக்கடி 'கட்' சொல்லாமல் நீளமாகக் காட்சிகளை ஓடவிடுகிறவர். அந்த முறை சுஷ்மிதாவுக்கு அப்படிப் பொருந்தியது. பிள்ளைகளுக்கு முன்னால் அழுகையை விழுங்கிக்கொண்டு அடுத்த வேலையைப் பார்க்கும் முகத்தைக் கேமரா விடாமல் பிடித்துக்கொண்டிருக்கிறது. சினிமா அவருக்கு அந்த அவகாசத்தைக் கொடுத்ததே இல்லை. சர்வதேச எம்மி விருதுக்குச் சிறந்த நாடகத் தொடராக 'ஆர்யா' பரிந்துரைக்கப்பட்டது. அதன் பிறகு 2023இல் 'தாலி' (இந்தியில் கைதட்டல் என்று பொருள்) தொடரில் திருநங்கைச் செயற்பாட்டாளர் கௌரி சாவந்தாக நடித்தார்.

சம்பளம், புகழ், எல்லை தாண்டிய வாய்ப்பு என்று பார்த்தால் பிரியங்காவின் வழிதான், சந்தேகமே இல்லை. ஒரு நடிகைக்குக் கிடைத்த வேடம் என்று பார்த்தால் நான் சுஷ்மிதா பக்கம். 'குவாண்டிகோ'வில் பிரியங்கா நடித்த அலெக்ஸ் பாரிஷ் என்ற பெயர் இன்று எத்தனை பேருக்கு ஞாபகம் இருக்கும்? ஆர்யா சரீனை மறப்பது கஷ்டம். பிரியங்காவும் 2023இல் அடுத்த தொடருக்கு வந்தபோது ஓடிடி பக்கம்தான் வந்தார். 'சிட்டாடல்' முதல் சீசனுக்கு வெறும் 6 பகுதி.