அம்முக்குட்டி என்ற பெயருக்கு வந்த 18 பக்கப் புத்தகம்: ஒரு பெயர் விளக்கச் சேவையைப் பற்றி

என் தம்பிக்குச் சென்ற ஆவணியில் பெண் குழந்தை பிறந்தது. நாங்கள் கோயம்புத்தூர், தம்பி மனைவியின் ஊர் பாலக்காடு மாவட்டத்தில் பட்டாம்பிக்கு அருகில் உள்ளது. பிறந்த அன்றே குழந்தையைக் கையில் வாங்கிய அதன் அம்மம்மா 'அம்முக்குட்டி' என்று அழைத்தார். பத்து நாளுக்குள் இரண்டு வீட்டிலும் வேறு பெயர் எவர் வாயிலும் வரவில்லை. இதையே பிறப்புச் சான்றிதழிலும் எழுதிவிடலாம் என்று தம்பியும் அவன் மனைவியும் சொன்னபோதுதான் பேச்சு எழுந்தது. "நாளைக்குக் காலேஜுக்குப் போற பொண்ணையும் அம்முக்குட்டின்னா கூப்பிடுவாங்க?" என்று என் அம்மா கேட்டார். அம்மாவின் கேள்வியில் நியாயம் இருந்தது. எங்கள் வழக்கப்படி குழந்தையின் காதில் மூன்று முறை பெயரைச் சொல்லவேண்டியவள் அத்தையாகிய நான் என்பதால், அந்தப் பெயரின் பொருளையும் வரலாற்றையும் தெரிந்துகொண்டே சொல்லவேண்டும் என்று எனக்குத் தோன்றியது.

அப்படித்தான், ஒரு பெயரைக் கொடுத்தால் அதன் பொருள், வரலாறு, எழுத்துமுறை ஆகியவற்றை எழுதி அச்சிட்டுத் தரும் ஒரு சேவையில் 850 ரூபாய் கட்டினேன். சேவையின் பெயரை இங்கே நான் எழுதப்போவதில்லை. இதைப் போன்ற பல சேவைகள் இப்போது கிடைக்கின்றன. அவற்றில் எதை வாங்கினாலும் எந்தப் பகுதியை நம்பலாம், எந்தப் பகுதியைத் தாமே சரிபார்க்கவேண்டும் என்று பெற்றோர் அறிந்துகொள்வதே எனக்கு முக்கியம். நான்காம் நாள் கணினிப் படியும், பத்தாம் நாள் கூரியரில் அச்சுப் படியும் வந்து சேர்ந்தன. தாள் தடிமனானது, எழுத்து கண்ணுக்கு இதமான அளவு, தையல் உறுதியானது. தாம்பூலப் பையில் வைத்துக் கொடுக்கும் அளவுக்கு அழகான புத்தகம் என்பதை முதலிலேயே மனநிறைவோடு சொல்லிவிடுகிறேன்.

குறை தொடங்குவது 4-ஆம் பக்கத்தில், பொருள் சொல்லும் இடத்தில். 'அம்மு' என்பது நீரைக் குறிக்கும் வடசொல் என்றும், அதனால் 'நீர்த்தேவதை' என்று பொருள் என்றும், இந்தப் பெயருடையவர்கள் அழகும் அறிவும் நல்லூழும் உடையவர்கள் என்றும் எழுதியிருந்தார்கள். நீரைக் குறிக்கும் வடசொல் 'அம்பு'. நீரில் பிறந்தது என்பதால் தாமரைக்கு அம்புஜம் என்ற பெயர் வந்தது. நம் பாட்டிமார்களில் எத்தனையோ அம்புஜங்கள் இருந்தார்கள். அந்த 'அம்பு'வை இந்த 'அம்மு'வோடு குழப்பிவிட்டார்கள். அம்மு என்பது அம்மா என்ற சொல்லின் செல்ல வடிவம். அப்பாவிலிருந்து அப்பு வந்ததைப் போல அம்மாவிலிருந்து அம்மு வந்தது. தமிழ் வீட்டுக்கும் மலையாள வீட்டுக்கும் இது பொதுவான பெயர்.

ஒரு பச்சைக் குழந்தையை ஏன் அம்மா என்று அழைக்கிறோம் என்பதைத்தான் அந்தப் பக்கம் விளக்கியிருக்கவேண்டும். நம் வீடுகளில் சிறுமியை 'வாம்மா' என்றும், சிறுவனை 'என்னப்பா' என்றும், தெற்கே 'ஐயா', 'ஆத்தா' என்றும் அழைப்பது இன்றும் நடப்பதுதான். மூத்தவர் பெயரை இளையவருக்கு இடும் மரபிலிருந்துதான் பேரன் என்ற சொல்லே வந்தது. பெயரன் என்பது பேரன் ஆயிற்று, பெயர்த்தி என்பது பேத்தி ஆயிற்று. ஆனால் மாமியார் மாமனாரின் பெயரை மருமகள் வாய்விட்டுச் சொல்லக்கூடாது என்ற வழக்கமும் அதே வீட்டில் இருந்தது. மாமியார் பெயர் தாங்கிய மகளை அந்தத் தாய் எப்படிக் கூப்பிடுவாள்? அம்மு, கண்ணு, பாப்பா, தங்கம் என்று வேறு பெயர் சொல்லித்தான் கூப்பிட்டாள். எழுத்தில் இருந்த பெயர் முன்னோருக்கும், வாயில் இருந்த பெயர் குழந்தைக்கும் உரியதாக இருந்தன. செல்லப் பெயரை விளையாட்டு என்று ஒதுக்குகிறவர்கள், எத்தனை தலைமுறைத் தாய்மார்களுக்கு அந்தப் பெயர் ஒன்றே சொல்லக்கூடிய பெயராக இருந்தது என்பதை எண்ணிப்பார்க்கவேண்டும்.

இந்தப் பெயர்களின் உருவாக்கத்திலும் ஓர் ஒழுங்கு உண்டு. நீண்ட பெயரைச் சுருக்கி, கடைசியில் ஓர் உகரத்தைச் சேர்ப்பார்கள். பலவற்றில் நடுவில் ஒரு மெய்யை இரட்டிப்பார்கள். விசுவநாதன் விச்சு ஆவதும், சுப்பிரமணியன் சுப்பு ஆவதும், கிருஷ்ணன் கிட்டு ஆவதும், லட்சுமி லச்சு ஆவதும், சீனிவாசன் சீனு ஆவதும் இந்த வழியில்தான். அம்முவும் அந்த வரிசையில் இயல்பாக நிற்கிறது. இதைச் சொல்ல அரைப் பக்கம் போதும். வாங்குகிறவர்களுக்கு அதுவே மகிழ்ச்சியாக இருந்திருக்கும்.

'குட்டி'யைப் பற்றி அவர்கள் எழுதியது 'சிறியது, செல்லம்' என்ற ஒரே வரி. எனக்கு மிகுந்த வருத்தம் தந்தது இந்த ஒரு வரிதான், ஏனென்றால் இந்தச் சொல்லுக்கு இருக்கும் பழமை வேறு எந்தச் செல்லப் பெயருக்கும் எளிதில் அமையாது. தொல்காப்பியத்தின் மரபியல், உயிர்களின் இளமைப் பெயர்களாகப் பார்ப்பு, பறழ், குட்டி, குருளை, கன்று, பிள்ளை, மகவு, மறி, குழவி என்ற ஒன்பதைச் சொல்கிறது. எந்தப் பெயர் எந்த உயிருக்கு உரியது என்று ஒவ்வொன்றாகப் பிரித்தும் காட்டுகிறது. அங்கே குட்டி என்ற பெயர் முதலில் உரியதாவது மூங்கா, வெருகு, எலி, அணில் ஆகிய நான்கிற்கு. அதாவது கீரி வகை ஒன்றுக்கும், காட்டுப் பூனைக்கும், எலிக்கும், முதுகில் மூன்று வரியுள்ள அணிலுக்கும். மனிதருக்கோ குழவி, மகவு என்ற இரண்டு மட்டுமே உரியவை என்று அந்த இலக்கணம் வரையறுக்கிறது.

அந்தக் கணக்குப்படி பார்த்தால் 'பிள்ளை'யும் மனிதருக்கு உரியதன்று; பறவை முதலான மற்ற உயிர்களின் இளமைக்கே அது சொல்லப்பட்டது. பின்னர் அந்தச் சொல் மெல்ல மெல்ல மனிதரிடம் வந்தது. திருஞானசம்பந்தரை ஆளுடைய பிள்ளை என்றோம், இறைவனையே குழந்தையாக்கிப் பாடும் இலக்கியத்துக்குப் பிள்ளைத்தமிழ் என்று பெயர் வைத்தோம், 'உங்களுக்கு எத்தனை பிள்ளைகள்' என்று நாள்தோறும் கேட்கிறோம். தொல்காப்பியம் குட்டி என்ற அணிலை இன்று அணிற்பிள்ளை என்கிறோம். கீரியையும் கீரிப்பிள்ளை என்கிறோம். குட்டி என்ற சொல்லோ மலையாளத்தில் மனிதக் குழந்தைக்கே வழங்கும் பொதுச்சொல் ஆகிவிட்டது. பள்ளிப் பிள்ளைகளை அங்கே குட்டிகள் என்றுதான் சொல்வார்கள். தமிழில் அது பெரும்பாலும் விலங்கோடு நின்றது. 'சிறிய' என்ற பொருளில் குட்டிக் கதைக்கும் குட்டி யானை எனப்படும் சரக்கு வண்டிக்கும் முன்னால் வந்து நிற்கிறது. இரண்டு மொழிகளில் இரண்டு வழியாகப் போன ஒரே சொல், தமிழ்த் தந்தைக்கும் மலையாளத் தாய்க்கும் பிறந்த எங்கள் குழந்தையின் பெயரில் சேர்ந்திருக்கிறது. இதை அறிந்தபோது நான் அடைந்த மகிழ்ச்சியை 850 ரூபாய் கொடுத்த அந்தப் புத்தகம் எனக்குத் தந்திருக்கவேண்டும். கன்னிமாரா நூலகத்துக்கோ பல்கலைக்கழகத்துக்கோ போகத் தேவையில்லாமல், வீட்டில் இருக்கும் தொல்காப்பிய உரையே அதைத் தந்தது.

மலையாள நாட்டில் குட்டி என்பது சமயம் கடந்து ஆண், பெண் இருபாலாரின் முறையான பெயர்களில் இடம்பெற்றிருக்கிறது. நடிகர் மம்மூட்டியின் இயற்பெயர் முகமது குட்டி. அது வாய்வழக்கில் சுருங்கியதே மம்மூட்டி. எங்களுக்கு மிக நெருங்கிய எடுத்துக்காட்டைப் புத்தகத்தின் 9-ஆம் பக்கம் சரியாகப் பிடித்திருந்தது. இந்தச் சேவையை நான் மனமாரப் பாராட்டும் இடம் அதுதான். அம்மு சுவாமிநாதன் 1894-இல் பாலக்காட்டு ஆனக்கரையில் பிறந்தார். அவருடைய பெயர் அம்முக்குட்டி. அரசியல் நிர்ணய சபையில் இருந்த 15 பெண்களில் ஒருவராக சென்னை மாகாணத்திலிருந்து சென்றார். 1952-இல் திண்டுக்கல் தொகுதியிலிருந்து மக்களவைக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். நேதாஜியின் படையில் ஜான்சி ராணி பிரிவுக்குத் தலைமை தாங்கிய கேப்டன் லட்சுமியும், நாட்டியக் கலைஞர் மிருணாளினி சாராபாயும் அவருடைய பெண்கள். நாட்டின் அரசியல் சட்டத்தை விவாதித்த சபையில் ஒரு பெண் 'அம்மு' என்ற பெயரோடே அமர்ந்திருந்தார் என்று நான் படித்துக் காட்டியபோது, என் அம்மா அதற்குமேல் கல்லூரிக் கேள்வியைக் கேட்கவில்லை.

அடுத்த இரண்டு பக்கங்களில் செல்லப் பெயர் கொண்ட புகழ்பெற்றோரை அடுக்கியிருந்தார்கள். செய்திகள் பிழையில்லை, பிரித்துப் பார்க்கும் உழைப்புத்தான் இல்லை. எம்.எஸ். சுப்புலட்சுமி வீட்டாருக்குக் குஞ்சம்மா. ஜெயலலிதா வீட்டாருக்கு அம்மு. இந்த இருவருக்கும் செல்லப் பெயர் வாசலைத் தாண்டவில்லை. டி.கே. பட்டம்மாளின் கதை வேறு. அவருக்கு இட்ட பெயர் அலமேலு. செல்லமாக அழைத்த 'பட்டா'வே பட்டம்மாளாகி மேடையேறியது. வீணைக் கலைஞர் சிட்டிபாபுவுக்கு முதலில் வைத்தது அனுமனின் பெயர். வீட்டில் அழைத்த சிட்டிபாபுவையே பிறகு அவருடைய தந்தை முறையான பெயராக்கினார். சான்றிதழில் செல்லப் பெயரை எழுதலாமா என்று தயங்கும் பெற்றோருக்குப் பயன்படுவது இந்தப் பின்னிரண்டு எடுத்துக்காட்டுகளே.

எண்கணிதப் பக்கத்தைப் பற்றி அதிகம் எழுத ஒன்றுமில்லை. ஆங்கில எழுத்துகளில் இன்னொரு 'யு' சேர்க்கச் சொல்லியிருந்தார்கள், நாங்கள் சேர்க்கவில்லை.

எழுத்துமுறைப் பக்கம் மிக நல்ல பக்கம். தமிழில் அம்முவுக்கும் குட்டிக்கும் இடையே 'க்' வரவேண்டும் என்றும், மலையாளத்திலும் அப்படியே இரட்டித்து எழுதுவார்கள் என்றும், ஆங்கிலத்தில் மட்டும் ஒரு 'கே' போட்டு எழுதுவதே வழக்கம் என்றும் தெளிவாகச் சொல்லி, எதைத் தேர்ந்தாலும் பிறப்புச் சான்றிதழ், ஆதார், கடவுச்சீட்டு மூன்றிலும் ஓர் எழுத்துகூட மாறக்கூடாது என்று எச்சரித்திருந்தார்கள். 2023 அக்டோபர் 1-ஆம் தேதி முதல் பிறந்த குழந்தைகளுக்குப் பள்ளிச் சேர்க்கை முதல் பல தேவைகளுக்கும் பிறப்புச் சான்றிதழே அடிப்படை ஆவணம் என்பதால், இந்த எச்சரிக்கை காசுக்குத் தகுந்தது. பெயரில்லாமல் பிறப்பைப் பதிந்துவிட்டு, 12 மாதத்துக்குள் கட்டணமின்றிப் பெயரைச் சேர்க்கலாம் என்பதையும் குறிப்பிட்டிருந்தார்கள். அவசரப்படாமல் யோசிக்க எங்களுக்கு அது உதவியது.

ஒரு விஷயத்தை அவர்கள் சொல்லாமல் விட்டது பெரிய தவறு. சென்னைப் பேச்சில் 'குட்டி' என்பது இளம்பெண்ணை இழிவாகச் சுட்டவும் வழங்குகிறது. பெண் குழந்தைக்குப் பெயர் வைக்கும் எவருக்கும் இது தெரிந்திருக்கவேண்டும். எங்கள் வீட்டில் இதைத் திறந்து பேசினோம். "அம்மு சேர்ந்து வரும்போது அந்த அர்த்தம் வராது அண்ணி, அப்படியும் யாராவது சொன்னால் அவ வெறும் அம்முன்னு சொல்லிக்கட்டும்" என்றாள் தம்பி மனைவி. அம்மு சுவாமிநாதனும் அப்படித்தான் வாழ்ந்தார் என்பதால் எனக்கும் அது சரியாகப் பட்டது.

என் அம்மாவுக்கு இன்னொரு மனக்குறையும் இருந்தது. கூப்பிடும்போதெல்லாம் தெய்வப் பெயர் வாயில் வரவேண்டும் என்பது அவருடைய எண்ணம். பெரியாழ்வார் பத்துப் பாசுரங்களில், பிள்ளைகளுக்கு மனிதர் பெயரை இடாமல் திருமாலின் பெயரை இடுங்கள் என்று பெற்றோரைக் கேட்டுக்கொள்கிறார். அம்மாவுக்கு அவை மனப்பாடம். அதை மதிக்காமல் இருக்க முடியாது. ஆகவே காதில் சொல்லும் மூன்று முறையில் முதல் முறை அம்மாவின் விருப்பப்படி ஸ்ரீதேவி என்றும், அடுத்த இரு முறை அம்முக்குட்டி என்றும் சொன்னேன்.

பிழைகளைக் குறிப்பிட்டு அந்தச் சேவைக்கு இரண்டு பக்கம் எழுதி அனுப்பினேன். மூன்று நாளில் மரியாதையான பதில் வந்தது. அம்பு, அம்மு குழப்பத்தை ஒப்புக்கொண்டு 4-ஆம் பக்கத்தைத் திருத்தி அனுப்பினார்கள். தொல்காப்பியச் செய்தியையும் சேர்த்துக்கொண்டார்கள். பணத்தைத் திருப்பிக் கேட்கும் எண்ணம் எனக்கு அதற்குப் பிறகு எழவில்லை. ஆனாலும் வாங்க நினைப்பவர்களுக்கு நான் சொல்வது இது. பெயரின் பொருளுக்காக இத்தகைய சேவையை நாடவேண்டாம். சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதியை இணையத்தில் இலவசமாகவே புரட்டலாம், வீட்டுப் பெரியவர்களையும் கேட்கலாம். எழுத்துமுறைக்கும் பதிவு வழிகாட்டலுக்கும், குழந்தை வளர்ந்தபின் கையில் எடுத்துப் பார்க்க ஓர் அழகான புத்தகம் வேண்டும் என்பதற்கும் வாங்கலாம். அச்சுக்குப் போகும் முன் கணினிப் படியைக் கேட்டு வாங்கி, பொருள் பக்கத்தை வரி வரியாகப் படித்துத் திருத்தச் சொல்லுங்கள்; நான் அதைச் செய்யாமல் விட்டேன்.

சான்றிதழில் அம்முக்குட்டி என்றே பதிந்தாயிற்று. திருத்திய 4-ஆம் பக்கத்தைப் பழைய பக்கத்தின் மேல் ஒட்டி, புத்தகத்தைத் தம்பி மனைவியிடம் கொடுத்திருக்கிறேன். பட்டாம்பிக்குப் போகும்போது அம்மம்மாவுக்குப் படித்துக் காட்டப்போவதாகச் சொன்னாள்.