எட்டரை வருடம், 71 நாள், 630 மைல்: இங்கிலாந்தின் தென்மேற்குக் கடலோரப் பாதை

2015 ஏப்ரலில் சாமர்செட்டின் மைன்ஹெட் ஊரில் தொடங்கினோம். 2023 செப்டம்பரில் டார்செட்டில், பூல் துறைமுக வாயிலில் இருக்கும் சவுத் ஹேவன் முனையில் முடித்தோம். நடந்த நாட்களை மட்டும் எண்ணினால் 71. முதல் நாள் என் மகளுக்கு 11 வயது. கடைசி நாள் அவள் கல்லூரி விடுமுறையில் வந்து கூட நடந்தாள். ஏழெட்டு வாரம் லீவு போட்டு ஒரே மூச்சில் முடிப்பவர்களும் உண்டு. எங்களால் அது முடியாது. எக்ஸிடரில் வீடு, வார வேலை, பள்ளிக்கூடம். கிடைத்த சனி ஞாயிறிலும் கோடை விடுமுறையிலும் துண்டு துண்டாகத்தான் நடந்தோம். இங்கே இருக்கும் தமிழ் நண்பர்கள் நிறைய பேர் இந்தப் பாதையைப் பற்றிக் கேட்கிறார்கள். அவர்களுக்காக எழுதுகிறேன்.

முதலில் கணக்கு. மொத்தம் 630 மைல், அதாவது 1,014 கிலோமீட்டர். சாமர்செட், டெவன், கார்ன்வால், மறுபடி டெவன், கடைசியாக டார்செட். இந்தத் தூரத்தை வைத்துத் திட்டம் போட்டால் தவறிவிடும். பாதை முழுக்க ஏறுகிற ஏற்றத்தைக் கூட்டினால் 35,000 மீட்டர் வருகிறது. எவரெஸ்டை அடியிலிருந்து நாலு தடவை ஏறுவதற்குக் கொஞ்சம்தான் குறைவு. இத்தனைக்கும் பாதையின் மிக உயர்ந்த இடமான கிரேட் ஹேங்மன் குன்று வெறும் 318 மீட்டர். பெரிய மலை ஒன்றுகூடக் கிடையாது. இறங்கு, ஓடையைத் தாண்டு, ஏறு, மறுபடி இறங்கு. நாள் முழுக்க இதுதான்.

ஏன் இப்படி என்பது எனக்கு இரண்டாம் வருடம்தான் புரிந்தது. இது நடைப்பயிற்சிக்காக யாரோ வரைந்த பாதை இல்லை. 19ஆம் நூற்றாண்டில் பிராந்தியும் புகையிலையும் தேயிலையும் வரி கட்டாமல் படகில் வந்து இறங்கிக்கொண்டிருந்தன. அதைப் பிடிக்கக் கடலோரக் காவலர்கள் இரவும் பகலும் ரோந்து போனார்கள். மேலே சமதளத்தில் நடந்தால் குடாவுக்குள் ஒளிந்திருக்கும் படகு கண்ணில் படாது. ஒவ்வொரு குடாவையும் எட்டிப் பார்த்தாக வேண்டும். அதனால் விளிம்பை ஒட்டியே நடந்தார்கள், அந்தத் தடம்தான் நம் காலுக்குக் கீழே இருக்கிறது. 1970களில் பகுதி பகுதியாகத் தேசியப் பாதையாகத் திறந்தார்கள். இன்று வழிகாட்டிக் கம்பங்களில் ஓக் மரத்துக் கொட்டை ஒன்றைச் சின்னமாகச் செதுக்கியிருக்கிறார்கள். அந்தக் கொட்டையைப் பார்த்துக்கொண்டே போனால் வழி தவறாது.

இது தெரிந்த பிறகு என் கோபம் போய்விட்டது. குறுக்குவழி இல்லையே என்று ஏங்குவதையும் விட்டேன். மைல் எண்ணுவதை நிறுத்திவிட்டுப் பள்ளங்களை எண்ண ஆரம்பித்தோம். "இன்னும் எத்தனை எறக்கம்மா?" என்று மகள் கேட்பாள். "மூணுதான் கண்ணு" என்பேன். வரைபடத்தில் நெருக்கமான கோடுகளை எண்ணி அவளே சரிபார்ப்பாள். 25,000க்கு ஒன்று அளவுள்ள காகித வரைபடத்தைப் படிக்க அவள் கற்றுக்கொண்டது அப்படித்தான். பல குடாக்களில் கைபேசிக்குச் சிக்னல் கிடைக்காது. காகித வரைபடம் இல்லாமல் போகாதீர்கள்.

கடினமான துண்டு எது என்று கேட்டால், ஹார்ட்லண்ட் கீ முதல் பியூட் வரையிலான 15 மைல் என்று தயங்காமல் சொல்வேன். ஒன்றை ஏறி முடித்து நிமிர்ந்தால் அடுத்தது வாய் பிளந்து நிற்கும். நடுவில் கடை கிடையாது. நாங்கள் அதை இரண்டு நாளாகப் பிரித்தோம், அதில் வெட்கப்பட எதுவும் இல்லை. அப்படிப் பிரித்ததால்தான் மார்வென்ஸ்டோவில் உட்கார்ந்து பார்க்க நேரம் கிடைத்தது. அங்கே ராபர்ட் ஸ்டீபன் ஹாக்கர் என்ற பாதிரியார் உடைந்த கப்பல்களின் பலகைகளை வைத்துக் குன்றின் முகத்தில் ஒரு குடிசை கட்டியிருக்கிறார். கரை ஒதுங்கிய மாலுமிகளின் உடல்களை அதுவரை கடற்கரையிலேயே புதைத்துவிடுவது வழக்கம். அவர் அவற்றைத் தேடி எடுத்து மேலே தேவாலயத்து மண்ணில் முறையாக அடக்கம் செய்தார். குடிசைக்குள் இரண்டு பேர் நெருக்கி உட்காரலாம். மழைக்கு ஒதுங்கிய அந்த அரை மணி நேரம் எனக்கு இந்தப் பாதையிலேயே பெரிய நேரம்.

செயின்ட் ஐவ்ஸ் முதல் பெண்டீன் வரை வேறு மாதிரிக் கஷ்டம். ஏற்றம் குறைவு, ஆனால் பாறை மேல் பாறையாகத் தாவிப் போக வேண்டும். மணிக்கு ஒரு மைல்கூட ஓடவில்லை. அதைத் தாண்டினால் பாட்டலக், லெவன்ட் சுரங்கங்களின் எஞ்சின் வீடுகள் கடலைப் பார்த்தபடி நிற்கின்றன. தகரமும் செம்பும் எடுக்கக் கடலுக்கு அடியிலேயே குடைந்து போனவர்கள் இவர்கள். 1919இல் லெவன்டில் ஆட்களை ஏற்றி இறக்கும் பொறி அறுந்து 31 பேர் இறந்தார்கள். இன்னும் கொஞ்சம் தெற்கே போர்த்கர்னோ என்ற சின்னக் கடற்கரை. 1870இல் பம்பாய்க்குப் போன தந்திக் கம்பி இங்கேதான் கரையேறியது. நான் பிறந்த தீவில் தந்தி என்றாலே வீட்டில் அழுகை தொடங்கிவிடும். அந்தச் செய்தியெல்லாம் ஓடிய கம்பியின் ஒரு முனை இந்த வெள்ளை மணலில் என்று தெரிந்ததும் மணலைத் தொட்டுப் பார்த்தேன்.

இப்போது காலில் போடுவது. முதலில் வாங்கியது கணுக்காலுக்கு மேலே வரும் தோல் பூட்ஸ், உள்ளே தண்ணீர் புகாத சவ்வு. நல்ல விலை. 200 மைலுக்குள் விரல் மடங்கும் இடத்தில் சவ்வு விட்டுவிட்டது. அதன் பிறகு தண்ணீர் உள்ளே வந்ததே தவிர வெளியே போகவில்லை. இரவெல்லாம் செய்தித்தாள் திணித்து வைத்தாலும் காலையில் ஈரம்தான். மூன்றாம் வருடத்திலிருந்து வலைத்துணி வைத்த லேசான ஷூவுக்கு மாறினேன். நனையும், ஆனால் நடக்க நடக்கவே காய்ந்துவிடும். ஒரு ஜோடி சுமார் 300 மைல் தாங்கியது. கம்பளி சாக்ஸ் போட ஆரம்பித்த பிறகு கொப்புளம் வரவில்லை. டார்செட்டின் களிமண்ணில் மழைக்காலத்தில் நடப்பதென்றால் மட்டும் பழைய பூட்ஸ் வகைதான் பிடிப்புத் தரும்.

ஊன்றுகோல் ஒரு ஜோடியைக் கட்டாயம் எடுத்துக்கொள்ளுங்கள். ஏறும்போது உயரத்தைக் குறைத்து, இறங்கும்போது கூட்டி வைக்க வேண்டும். இதை முன்பே யாராவது சொல்லியிருந்தால் என் வலது முழங்கால் தப்பித்திருக்கும். மழைக்கோட்டைச் சாதாரண சோப்புத்தூளில் துவைக்காதீர்கள். அதற்கென்று விற்கும் திரவத்தில் துவைத்து, வருடம் ஒருமுறை மேல்பூச்சு ஏற்றினால் எட்டு வருடம் வரும். என்னுடையது வந்தது. கோடையில் பெரணிப் புதர்களில் உண்ணி இருக்கும். ஒவ்வொரு மாலையும் முழங்காலின் பின்பக்கம், இடுப்பு, தலைமுடி எல்லாம் பார்த்துவிடுங்கள். கடித்த இடத்தைச் சுற்றிச் சிவப்பு வளையம் படர்ந்தால் அன்றே மருத்துவரிடம் போக வேண்டும். கன்றோடு நிற்கும் மாட்டை நம்ம ஊர் மாடு போல நினைத்துத் தட்டிக்கொடுக்கப் போகாதீர்கள், சுற்றிப் போங்கள். யாராவது விழுந்துவிட்டால் 999ஐ அழைத்துக் கடலோரக் காவலரைக் கேளுங்கள், ஆம்புலன்ஸை அல்ல. பாறை விளிம்புக்கு வரக்கூடியவர்கள் அவர்கள்தான்.

சாப்பாட்டுக்குப் பெரும்பாலும் புளிச்சோறும் உருளைக்கிழங்கும் கட்டிக்கொண்டு போனோம். கார்ன்வாலில் மட்டும் பேஸ்டி, அதாவது உள்ளே இறைச்சியும் உருளைக்கிழங்கும் வைத்து மடித்துச் சுட்ட மாவுப் பண்டம். சுரங்கத் தொழிலாளிகள் குழிக்குள் எடுத்துப்போன சாப்பாடு அது, கையடக்கமான கட்டுச்சோறு என்றே சொல்லலாம். துறைமுக ஊர்களில் அதைத் திறந்த வெளியில் தின்னாதீர்கள். கடற்காகம் பின்னாலிருந்து வந்து கையோடு பிடுங்கிக்கொண்டு போகும்.

காலம் என்றால் மே மாதம். பாறை விளிம்பெல்லாம் இளஞ்சிவப்பு நிறத்தில் திரிஃப்ட் என்ற சின்னப் பூ பூத்திருக்கும். கோர்ஸ் முட்செடியின் மஞ்சள் பூவில் வெயில் பட்டால் தேங்காய் வாசனை வரும். "ஆப்பத்துக்குத் தேங்காய்ப்பால் புழிஞ்ச மாதிரி இருக்கும்மா" என்றாள் மகள். எக்ஸ்மூரின் குன்றில் நின்றபடி எனக்கு நாக்கில் எச்சில் ஊறியது. ஆகஸ்டில் போகாதீர்கள். அறை கிடைக்காது, கிடைத்தால் விலை தாங்காது. குளிர்காலத்தில் அறை மலிவு, ஆனால் பஸ் குறைந்துவிடும், பல படகுத்துறைகள் மூடிவிடும். காரை நடை முடியும் ஊரில் நிறுத்திவிட்டு, பஸ் பிடித்துத் தொடங்கும் ஊருக்குப் போவது நல்லது. திரும்பும்போது கடைசி பஸ்ஸுக்காக ஓட வேண்டாம்.

எல்லா ஆற்றுக்கும் படகு இருக்கிறது என்று எண்ணிவிடக் கூடாது. தெற்கு டெவனில் எர்ம் ஆற்றுக்குப் படகே கிடையாது. கடல் வற்றும் நேரத்துக்கு முன்னும் பின்னும் ஒரு மணி நேரம், மதிகோம் பக்கத்தில் இறங்கி நடந்தே கடக்கலாம். தவறவிட்டால் சாலை வழியாகப் பல மைல் சுற்று. நாங்கள் வற்ற நேரத்தை ஒரு மாதம் முன்பே பார்த்து அந்த நாளை முடிவு செய்தோம். ஷூவைக் கழுத்தில் தொங்கவிட்டு, முழங்கால் அளவு குளிர்ந்த தண்ணீரில், மகளின் கையைப் பிடித்துக்கொண்டு இறங்கினேன். நடு ஆற்றில் அவள்தான் என் கையைப் பிடித்திருந்தாள்.

டார்செட்டில் லல்வொர்த் பகுதி ராணுவத்தின் சுடுதளம். பெரும்பாலான சனி ஞாயிறுகளிலும் விடுமுறை நாட்களிலும்தான் திறப்பார்கள். நான் ஒரு செவ்வாய்க்கிழமை போய்ச் சிவப்புக் கொடியைப் பார்த்துவிட்டுத் திரும்பினேன். முன்கூட்டியே தேதி பார்த்துவிட்டுப் போங்கள்.

குறைகளும் உண்டு. டார்பே சுற்றுவட்டாரத்தில் மணிக்கணக்கில் நடைமேடையும் தார்ச்சாலையும்தான். சில இடங்களில் பாதை கேரவன் முகாம்களின் நடுவே போகிறது. சக்கர நாற்காலிக்காரர்களுக்கு, முழங்கால் முடியாதவர்களுக்கு ஏற்ற துண்டுகள் மிகக் குறைவு, இதை மாற்ற வேண்டும் என்று மனதார விரும்புகிறேன்.

நீண்ட நாள் நடந்தவர்களுக்கு மட்டும் தெரியவரும் ஒரு விஷயம் இருக்கிறது. பாதை நகர்கிறது. வெஸ்ட் பே பக்கம் மணற்கல் பாறையின் மேல் முதல் தடவை உட்கார்ந்து தேநீர் குடித்த இடத்தை, நாலு வருடம் கழித்துப் போனபோது காணவில்லை. வேலியைப் பல அடி உள்ளே தள்ளிப் போட்டிருந்தார்கள். பழைய தடம் காற்றில் முடிந்தது. லைம் ரீஜிஸ் அருகே நிலச்சரிவால் பாதையையே உள்நாட்டுக்குத் திருப்பிவிட்டிருக்கிறார்கள். பழைய வழிகாட்டிப் புத்தகத்தை நம்பாமல், கம்பத்தில் ஒட்டியிருக்கும் அறிவிப்பை நம்புங்கள். விளிம்பிலிருந்து தள்ளி நடங்கள், அடியில் மண் இருக்கிறதா என்று மேலிருந்து தெரியாது.

இதனால்தான் ஹால்சாண்ட்ஸை மட்டும் நான் மூன்று முறை போய்ப் பார்த்தேன். ஸ்டார்ட் முனைக்குப் பக்கத்தில் இருந்த மீனவ ஊர். 1890களின் கடைசியில் டெவன்போர்ட் கப்பல் தளத்தை விரிவாக்க அந்த ஊருக்கு எதிரே கடலடியிலிருந்து கூழாங்கற்களை அள்ளினார்கள். ஊர்க்காரர்கள் எதிர்த்தார்கள். கடற்கரை தாழ்ந்துகொண்டே போனது. 1917 ஜனவரியில் புயலோடு வந்த அலை ஊரை எடுத்துக்கொண்டது. உயிர்ச்சேதம் இல்லை, ஆனால் குடியிருக்க மிஞ்சியது ஒரே வீடு. எலிசபெத் பிரெட்டிஜான் என்ற பெண்மணி அந்த ஊரை விடாமல் கடைசி வரை அங்கேயே வாழ்ந்து 1964இல் இறந்தார்.

1964 எங்கள் வீட்டில் சும்மா சொல்லும் வருடம் இல்லை. அந்த டிசம்பர் புயலில்தான் அப்பத்தா, ஒன்பது வயது அப்பாவைத் தூக்கிக்கொண்டு தனுஷ்கோடியை விட்டு வெளியேறினார். மேலே பாதையில் நின்று, கூரையில்லாத கல்சுவர்களைப் படமெடுத்து அப்பாவுக்கு அனுப்பினேன். இங்கே எத்தனை பேர் செத்தார்கள், யார் நஷ்டஈடு கொடுத்தார்கள் என்றெல்லாம் கேட்பார் என்று நினைத்தேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "அங்க குடிக்கத் தண்ணி எங்க எடுத்தாகளாம்?" என்றார். ஊருக்குள்ளேயே ஊற்று இருந்ததாம்ப்பா என்றேன்.

"அப்ப நல்ல ஊருதான்" என்றார்.

வருகிற மே மாதம் அப்பா இங்கே வருகிறார். ஸ்டார்ட் முனைப் பக்கம் கார் நிறுத்த இடம் இருக்கிறது. அங்கிருந்து ஹால்சாண்ட்ஸ் வரை மெதுவாக இறங்கி ஏற அவருக்கு எவ்வளவு நேரம் ஆகும் என்று மகள் வரைபடத்தை விரித்துவைத்துக் கோடுகளை எண்ணிக்கொண்டிருக்கிறாள்.